அரைப்பேரும் முதற்பேரும்

விளையாட்டு மூத்ததா, உழைப்பு மூத்ததா என்ற வினா ஒரு காலத்தில் கலை ஆராய்ச்சியாளரிடையே பெரும் விவாதத்தை எழுப்பியது. மனிதன் முதலில் விளையாடினான், பின்னரே பயன்படு பொருள்களை ஆக்கக் கற்றான் என்றார் ஜேர்மன் பொருளியலறிஞர் கார்ல் பூஹர். ருஷ்யச் சிந்தனையாளர் பிளெஹானவ் இதனை மறுத்தார். வேட்டையாடும் சமுதாயத்தின் பிள்ளைகளே வேட்டை விளையாட்டு ஆடுவர். ஆகவே சமுதாயத்தைப் பொறுத்தவரை உழைப்பே தாய், விளையாட்டு அதன் குழந்தை என்பது அவர் முடிவு. ஆயின் தனிமனிதனின் வாழ்வில் வரிசை மாறுகிறது. அவன் முதலில் விளையாடுகிறான். அந்த விளையாட்டே வரவிருக்கும் உழைப்புக்கு அவனைப் பழக்குகிறது. இதனையும் பிளெஹானவ் சுட்டத் தவறவில்லை.

இந்தப் பழைய விவாதத்தை இன்று நினைவுகூர மலைநாட்டுத் தேயிலைத் தோட்டங்களிலே காரணம் கிடைக்கிறது. 2020ஆம் ஆண்டில் கொரோனாப் பெருந்தொற்றினால் பாடசாலைகள் மூடப்பட்டபோது, கல்வி கைத்தொலைபேசிக்குள் புகுந்தது. ஹற்றன், தலவாக்கலை, மஸ்கெலியா, நுவரெலியாப் பகுதிகளிலே பல தோட்டக் குடும்பங்கள் கடன்பட்டுத்தான் அந்தக் கருவியை வாங்கின. அலை கிடைக்கும் மேட்டைத் தேடி மாணவர் மலையேறிய கதையை ஆசிரியர் எவருக்கும் நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. பாடசாலைகள் திறந்தன, இணையவழிப் பாடம் ஓய்ந்தது. கருவி மட்டும் லயத்திலே தங்கிவிட்டது. அதனோடு, எவரும் கேளாமலே வந்த ஒன்றும் தங்கிவிட்டது. கருவிக்குள்ளேயே அமைக்கப்பட்ட இலவச விளையாட்டு வலையமைப்பே அது.

இதன் வரலாறு நீண்டதன்று. அப்பிள் நிறுவனம் 2010இல் ‘கேம் சென்டர்’ என்பதைத் தன் கருவிகளோடு இணைத்தது. 2013இல் கூகுள் நிறுவனம் அன்ட்ரொயிட் கருவிகளுக்காகப் ‘பிளே கேம்ஸ்’ என்பதைக் கொண்டுவந்தது. தோட்டங்களிலே பெரும்பாலும் காணப்படுவது அன்ட்ரொயிட் கருவியாதலால், பின்னதே நமக்கு முக்கியமானது. இது தனியொரு விளையாட்டன்று. பல விளையாட்டுக்களுக்கும் பொதுவான ஒரு பேரேடு. யார் எத்தனை புள்ளி பெற்றார், யார் எந்தச் சாதனையை முடித்தார், யார் எந்தப் படிநிலையில் நிற்கிறார் என்பதைக் குறித்துவைத்து, அந்தப் பெயர்களை வரிசைப்படுத்திக் காட்டுவதே இதன் தொழில். தரவரிசை மூன்று வகைப்படும்: அன்றைய வரிசை, அந்த வார வரிசை, எக்காலத்துக்குமான வரிசை.

பிளெஹானவின் அளவுகோலை இங்கே வைத்துப் பார்ப்போம். இந்த விளையாட்டு எந்த உழைப்பின் குழந்தை?

தோட்டத்துத் தமிழில் ‘பேர்’ என்ற சொல்லுக்கு அகராதியில் இல்லாத ஒரு பொருள் உண்டு. பேர் என்பது ஒரு நாட்கூலி. நிர்ணயித்த அளவு கொழுந்தைப் பறித்துக் கொடுத்தவளுக்கு முழுப்பேர்; குறைந்தால் அரைப்பேர். காலையிலே பிரட்டுக்களத்தில் நின்று, பனியிலும் அட்டைக்கடியிலும் மலையேறி இறங்கிய உடம்புக்குச் செக்ரோலில் விழும் ஒரு குறிதான் பேர். சாக்குக்கென்றும் ஈரத்துக்கென்றும் கழித்தது போக எஞ்சிய கிலோக்கணக்கே அந்தப் பேரைத் தீர்மானிக்கிறது. 2021இல் நாட்கூலி 1,000 ரூபாவென்றும், 2024இல் 1,350 ரூபாவென்றும் வர்த்தமானியில் நிர்ணயிக்கப்பட்டபோதும், பறிக்க வேண்டிய அளவு எத்தனை கிலோ என்ற போராட்டம் ஓயவில்லை. கூலி உயர்ந்தாலும் அளவு உயர்ந்தால், முழுப்பேர் அரைப்பேராகும் என்பதைத் தொழிலாளி நன்கறிவாள்.

தாய் தராசின் முன்னே நிற்கிறாள். மகன் திரையின் முன்னே நிற்கிறான். இருவரும் எண்ணுக்காகக் காத்திருக்கிறார்கள். நாளுக்கொரு அளவு, அந்த அளவுக்கேற்ற பெயர், அடுத்த நாள் மீண்டும் பூச்சியத்திலிருந்து தொடக்கம் என்ற ஒழுங்கு இரண்டுக்கும் பொது. வேறுபாடு ஒன்றே. தாயின் எண் கூலியாகிறது. மகனின் எண் எண்ணாகவே நிற்கிறது. தோட்ட உழைப்பினின்று தப்பியோடும் வழியாகத் தோன்றும் விளையாட்டு, அந்த உழைப்பின் கணக்குமுறையையே இன்பமாக்கிப் பழக்குகிறது. அளக்கப்படுவதை இயல்பென்று ஏற்கும் மனம் விளையாட்டு வயதிலேயே உருவாகிவிடுமாயின், நாளை எந்தத் தராசும் அதற்கு அநீதியாகத் தோன்றாது.

அந்த நாளைக் கணக்கிடும் கடிகாரம் எங்கேயிருக்கிறது என்பதும் நோக்கத்தக்கது. கூகுளின் அன்றாடத் தரவரிசை அமெரிக்காவின் பசிபிக் கரைக் கணக்குப்படி நள்ளிரவில் மாறுகிறது. ஹற்றனில் அப்போது பகல் 12.30 மணி. தாயின் கூடை மதிய நிறுவைக்கு இறங்கும் வேளையிலே, மகனின் ‘நாள்’ முடிந்துவிடுகிறது! 1998இல் லண்டன் தேயிலை ஏலம் முடிவுற்றபோது, நம் மலைக் கொழுந்தின் மதிப்பை நெடுங்காலம் எடைபோட்ட ஒரு தொலைதூர மேசை மறைந்தது. ஓய்வை எடைபோடும் தொலைதூர மேசை இன்று வந்திருக்கிறது.

“இது இலவசமாயிற்றே, இதில் என்ன குறை?” என்று கேட்பாருளர். இலவசம் என்ற சொல்லைத் தோட்ட மக்கள் அறியாதவர்களல்லர். லயக் காம்பராவும் வாடகையின்றிக் கொடுக்கப்பட்டதுதான். உழைப்பு உள்ளவரைதான் கூரை என்ற நிபந்தனையே அதன் வாடகை. இந்த வலையமைப்பும் அப்படிப்பட்டதே. சேர்வதற்குக் கட்டணமில்லை. ஆயின் கருவிக்குப் பல வாரக் கூலி சென்றிருக்கிறது. விளையாட்டை இறக்கவும் அதனிடையே விளம்பரம் பார்க்கவும் டேட்டா செலவாகிறது. விளையாட்டினுள்ளே விற்கப்படும் பொருள்களின் விலையில் நூற்றுக்கு 30 வரையிலான பங்கை இவ்விரு நிறுவனங்களும் நீண்டகாலம் தரகாகப் பெற்றுவந்திருக்கின்றன. இலவசப் பேரேடு, கட்டணம் வாங்கும் கடைக்கு வாசற்படி. மேலும், 13 வயதுக்குக் குறைந்த பிள்ளை பெற்றோர் மேற்பார்வையின்றிச் சொந்தக் கணக்குத் தொடங்கக் கூகுளின் விதி இடமளிப்பதில்லை. எனவே பிள்ளை தகப்பனின் பெயரிலோ கொழும்பில் வேலைசெய்யும் அண்ணனின் பெயரிலோ விளையாடுகிறான். கணக்கிலே அவன் வளர்ந்தவன். வளர்ந்தவனுக்குரிய விளம்பரமே அவனுக்கும் வரக்கூடும்.

அடுத்து, ‘சமூக வலையமைப்பு’ என்ற உரிமைகோரலை எடுத்துக்கொள்வோம். தொடக்கத்தில் கூகுளின் இந்தச் சேவை, தொலைவிலிருப்போர் ஒரே நேரத்தில் சேர்ந்து விளையாடவும், முறைவைத்து ஒருவர்பின் ஒருவராக ஆடவும் விளையாட்டுகளை உருவாக்குவோருக்கு வசதி கொடுத்தது. 2020 மார்ச் 31ஆம் திகதியோடு அந்த வசதியை நிறுவனம் நிறுத்திவிட்டது. புள்ளிவரிசையையும் சாதனைக் குறிகளையும் வைத்துக்கொண்டது. உலகெங்கும் மனிதர் வீட்டுக்குள் முடங்கிச் சேர்ந்து விளையாடத் துணை தேடிய அதே மாதத்தில் இது நடந்தது. (அப்பிளின் வலையமைப்பு சேர்ந்தாடும் வசதியைக் கைவிடவில்லை என்பதையும் நேர்மையாகக் குறிப்பிடல் வேண்டும்.) சேர்ந்து ஆடுதல் கழிந்து, ஒருவனை மற்றவனோடு ஒப்பிடுதல் மட்டும் எஞ்சுமாயின், அதனைச் சமூகம் என்று அழைக்கலாமா? வரிசையிலே நிற்கும் மனிதர் ஒருவர் முதுகை ஒருவர் பார்க்கின்றனர், முகத்தைப் பார்ப்பதில்லை.

முகம் பார்க்கும் ஆட்டத்தை மலைநாடு அறியும். மாசி மாதத்திலே கம்பம் ஊன்றித் தொடங்கும் காமன் கூத்தில் ஒரு தோட்டமே பங்கேற்கிறது. மதனும் ரதியும் மணம் முடிப்பதும், தூதன் வருவதும், சிவனின் நெற்றிக்கண்ணால் மதன் எரிவதும் விடிய விடிய நடைபெறும். ஒருவன் வேடம் கட்டுகிறான், ஒருவன் தப்படிக்கிறான், ஒருவன் பந்தம் பிடிக்கிறான், ஊர் சுற்றி நின்று பாட்டை எடுத்துக் கொடுக்கிறது. அங்கே முதலிடம் என்று ஒன்று இல்லை. 1930களில் கோ. நடேசய்யர் ஹற்றனைத் தளமாகக் கொண்டு தோட்டத் தொழிலாளரை அணிதிரட்டியபோது, அவர் துணைவியார் மீனாட்சியம்மையின் பாட்டுக்களே கூட்டத்தைச் சேர்த்தன. துரைமாரின் அனுமதியின்றி லயத்துக்கு லயம் சென்ற வலையமைப்பு அது. எனினும் பழமையைப் பொன்னாக்கிக் காட்டுவது நம் நோக்கமன்று. காமன் கூத்திலே ரதியின் வேடத்தையும் ஆணே கட்டினான். பெண் பார்வையாளராகவே நின்றாள். தப்படிக்கும் கடமை சாதியோடு பிணைக்கப்பட்டிருந்தது. பழைய ஆட்டத்தின் கூட்டுத்தன்மை வேண்டும். அதன் தளைகள் வேண்டா.

நண்பர் சிலர் இங்கே ஒரு முடிவுக்கு விரைவர்: கருவியைப் பிடுங்கிவிடுங்கள் என்பர். இது ஆராயாதார் கூற்று. பத்துக்குப் பன்னிரண்டடிக் காம்பராவுக்குள் பிறந்து, நான்கு புறமும் தேயிலை சூழ்ந்த சரிவிலே வளரும் பிள்ளைக்குச் சமதரையான மைதானம் எத்தனை தோட்டங்களில் உண்டு? நிலம் முழுவதையும் கொழுந்துக்குக் கொடுத்துவிட்டு, விரலளவு திரையிலே இடம் தேடிய பிள்ளையைக் குற்றஞ்சாட்டுவது நியாயமாகாது. கொழும்பிலே கடைச்சிப்பந்தியாக இருக்கும் அண்ணனும் தோட்டத்துத் தம்பியும் இரவிலே ஓர் ஆட்டத்தில் சந்திக்கிறார்களென்றால், அந்த மகிழ்ச்சி பொய்யன்று. பிழைப்பு பிரித்த குடும்பத்தை அரைமணிநேரம் சேர்த்துவைக்கும் பயன் அதற்கு உண்டு.

புள்ளிவரிசையிலே தன் பெயரைக் காண விழையும் ஆசைக்கும் ஒரு வரலாறு உண்டு. 1947ஆம் ஆண்டுத் தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 இடங்களை வென்றது. தலவாக்கலையிலே கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளை தெரிவானார். அடுத்த ஆண்டே குடியுரிமைச் சட்டம் வந்தது. 1949இல் வாக்குரிமை பறிபோனது. வாக்காளர் இடாப்பிலிருந்து ஒரு சமூகத்தின் பெயரே வெட்டப்பட்டது. நாடற்றோர் என்ற நிலையின் எச்சத்தைப் போக்க 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரையில் காத்திருக்க நேர்ந்தது. பட்டியலில் பெயரின்றி வாழ்ந்தவரின் பேரப்பிள்ளை, ஒரு பட்டியலின் உச்சியிலே தன் பெயரைக் காண ஏங்குவதை எள்ளி நகையாடுதல் தகுமா? ஏக்கம் உண்மையானது, அதற்குக் கொடுக்கப்படும் பொருள்தான் போலி. உரிமையாகக் கிடைக்க வேண்டிய பெயர், அலங்காரமாகக் கொடுக்கப்படுகிறது.

லயத்து வாசலிலே அன்றாடம் காணும் காட்சியொன்று நமக்கு வழிகாட்டுகிறது. ‘தனிநபர் கருவி’ என்று நிறுவனங்கள் அழைக்கும் பொருள் அங்கே தனிநபருக்கு உரியதாக இல்லை. ஒரு வீட்டுக்கு ஒன்று. சிலவேளை இரண்டு வீட்டுக்கு ஒன்று. ஒரு பிள்ளை விளையாட, நால்வர் தோள்மேல் சாய்ந்து பார்க்கின்றனர். ஒருவன் தோற்றதும் மற்றவன் வாங்கிக்கொள்கிறான். “இப்படித் திருப்புடா” என்று பின்னின்றவன் வழி சொல்கிறான். வலையமைப்பிலே பதிவாகும் பெயர் ஒன்று. அந்தப் புள்ளிகளை ஈட்டியவர் ஐவர். கணக்கும் தனிமனிதனும் ஒன்றென்று கருதிச் செய்யப்பட்ட பொறியை, வறுமையும் அண்டைவாழ்வும் சேர்ந்து பொதுப்பொருளாக்கிவிட்டன. அந்த ஐவரிலே பெண்பிள்ளை இருப்பது அரிது. தண்ணீர் எடுக்கவும் அடுப்பு மூட்டவும் அவள் அழைக்கப்படுகிறாள் என்பதையும் மறத்தலாகாது.

ஆசிரியர் பணி இங்கேதான் தொடங்குகிறது. ஒரு சிறுகதையை வகுப்பிலே எடுத்துக்கொண்டு, யாருடைய வாழ்வு இதில் வருகிறது, யாருடைய வாழ்வு வரவில்லை என்று வினவுகிறோம். அவ்வாறே ஒரு விளையாட்டையும் எடுத்துக்கொண்டு வினவலாம். விதியை வகுத்தவர் யார்? வெல்வோருக்குக் கிடைப்பதென்ன? உன் நேரம் யாருக்கு வருவாயாகிறது? தாயின் செக்ரோலுக்கும் உன் புள்ளிவரிசைக்கும் ஒற்றுமையென்ன? கிளித்தட்டிலும் தாயத்திலும் விதி பற்றிச் சச்சரவு எழுந்தால், ஆடுவோரே கூடிப் பேசி விதியை மாற்றினர். திரையிலே விதி மாறுவது நிறுவனம் மாற்றும்போதுதான். இந்த வேறுபாட்டை உணர்ந்த பிள்ளை, தராசின் விதியையும் மனிதரே வகுத்தனர், மனிதரே மாற்றலாம் என்பதை உணர நெடுநாள் ஆகாது.

வகுப்பறை மட்டும் போதாது. தோட்டந்தோறும் ஒரு மைதானம், ஒரு வாசிகசாலை, பெண்பிள்ளைக்கும் சமமான ஓய்வுநேரம் என்பவை சம்பளக் கோரிக்கையோடு சேர்த்தெழுப்ப வேண்டிய கோரிக்கைகள். தொழிற்சங்கங்கள் கிலோவுக்கும் ரூபாவுக்கும் போராடியது சரியே. ஓய்வு என்பதும் கூலியின் ஒரு பகுதி என்பதை அவை இன்னும் உரக்கச் சொல்ல வேண்டும். உழைத்தவளுக்கு முழுப்பேர் கிடைத்து, அவள் பிள்ளைக்கு ஓடியாட நிலமும் கிடைக்குமாயின், திரையிலுள்ள முதற்பேர் அதற்குரிய சிறிய இடத்தைத் தானே அடையும். அப்போது அது வெறும் விளையாட்டாகும். விளையாட்டுக்கு அதைவிடப் பெரிய பெருமை தேவையில்லை.