சந்தர்ப்பம் தந்தது யார்?

மொழிபெயர்ப்பு வகுப்பில் கலைச்சொற்களைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். இளங்கலையில் நுண்ணுயிரியல் படித்துவிட்டு வந்த மாணவி ஒருத்தி ‘சந்தர்ப்பவாதத் தொற்று’ என்று பலகையில் எழுதினாள். வகுப்பே சிரித்தது. தமிழில் சந்தர்ப்பவாதி என்றால் கட்சி மாறுகிறவர். கிருமிக்கு ஏது கட்சி? நானும் சிரித்தேன். வீட்டுக்குப் போன பிறகுதான் அந்தச் சொல் உறுத்தத் தொடங்கியது.

நம் வாயிலும் குடலிலும் யோனியிலும் பிராணவாயு இல்லாமலே வாழும் பாக்டீரியாக்கள் ஏராளம். பெரும்பாலும் அவற்றால் தொல்லை இல்லை. பாக்டீராய்டஸ் ஃப்ராஜிலிஸ் குடலுக்குள் இருக்கும்வரை சாதாரணக் குடித்தனக்காரர். குடல்வால் வெடித்து வயிற்றறைக்குள் கசிந்தால் அதுவே சீழ்க்கட்டியை உண்டாக்கும். கிருமியின் குணம் மாறவில்லை. அதற்கு வழி திறந்தது வேறொன்று. ஆனால் நாம் வைத்திருக்கும் பெயர் கிருமியின் ஒழுக்கத்தைப் பேசுகிறது. வழி திறந்ததைப் பற்றி வாய் திறப்பதில்லை.

பெண் உடலுக்கு வரும்போது இந்த மௌனம் இன்னும் கனக்கிறது. யோனியில் வாழும் லாக்டோபேசில்லஸ் பாக்டீரியா லாக்டிக் அமிலத்தைச் சுரந்து மற்ற கிருமிகளைக் கட்டுக்குள் வைக்கிறது. அது குறையும்போது கார்ட்னரெல்லாவும், காற்றே ஆகாத ப்ரிவொடெல்லா, மொபிலுங்கஸ் போன்றவையும் பெருகுகின்றன. சாம்பல் நிறத்தில் நீர்த்த கசிவு, மீன் வாடை. மருத்துவர்கள் இதை பாக்டீரியல் வஜைனோசிஸ் என்பார்கள். பலருக்கு அறிகுறியே தெரியாது. ஆனால் குறைப்பிரசவத்துக்கும் எச்ஐவி தொற்றுவதற்குமான அபாயத்தை இது கூட்டுகிறது.

இந்தப் பெயர்களைச் சற்று வாசித்துப் பார்ப்போம். வஜைனா என்ற இலத்தீன் சொல்லுக்கு வாளுறை என்று பொருள். அங்கே காவல் இருக்கும் பாக்டீரியா, 1892-இல் அதை விவரித்த ஜெர்மானிய மருத்துவர் டோடர்லைன் பெயரால் நெடுங்காலம் அழைக்கப்பட்டது. பெருகித் தொல்லை தருவது அமெரிக்க மருத்துவர் கார்ட்னரின் பெயரைச் சுமக்கிறது. 1955-இல் கார்ட்னரும் டியூக்ஸும் வெளியிட்ட ஆய்வில், நோயுற்ற பெண்களின் கசிவை நலமாக இருந்த 15 பெண்களின் உடலில் இட்டுப் பார்த்தார்கள். 11 பேருக்கு நோய் வந்தது. அந்தப் பெண்கள் அறிவியல் வரலாற்றில் வெறும் எண்ணிக்கை. உடல் அவர்களுடையது, பெயர் அவர்களுடையது.

அதே மருத்துவர்கள் நோயாளிகளின் கணவர்களிடமும் இந்தக் கிருமியைக் கண்டார்கள். பின்னர் ஆண்களுக்கு மாத்திரை மட்டும் கொடுத்துச் சில சோதனைகள் நடந்தன. தெளிவான பலன் கிடைக்கவில்லை. துணைக்குச் சிகிச்சை வேண்டியதில்லை என்பது வழிகாட்டுதலாக நிலைத்தது. பெண் மெட்ரோனிடசோல் சாப்பிட்டாள். சரியாயிற்று, திரும்ப வந்தது. மீண்டும் சாப்பிட்டாள். ஒவ்வொரு முறையும் அவளுடைய சுத்தம்தான் விசாரிக்கப்பட்டது. 2025-இல் ஆஸ்திரேலிய ஆய்வொன்று வெளியாயிற்று. அதில் ஆண் துணைக்கும் 7 நாட்கள் மாத்திரையும், ஆணுறுப்பில் தடவும் களிம்பும் கொடுத்தார்கள். 12 வாரங்களுக்குள் நோய் திரும்பியது அந்தப் பிரிவில் 35 சதவீதப் பெண்களுக்கு. பெண்ணுக்கு மட்டும் மருந்து கொடுத்த பிரிவில் 63 சதவீதப் பெண்களுக்கு. அவன் தோலில் களிம்பு தடவிப் பார்த்து இதை உறுதிசெய்ய 70 ஆண்டுகள் ஆகியிருக்கின்றன.

பழியை ஆண்மீது மாற்றிப் போடுவது என் நோக்கம் அல்ல. பெண்ணும் பெண்ணும் இணைந்து வாழும் உறவுகளிலும் இது பகிரப்படுவதுண்டு. உடலுறவே இல்லாத பெண்ணுக்கும் வரலாம். நான் சொல்வது, ஒருத்தியின் உடலை மட்டும் நோயின் ஊற்றாக வைத்துப் பார்க்கும் பார்வை மருத்துவத்தையே எவ்வளவு தாமதப்படுத்துகிறது என்பதைத்தான்.

நம் வீடுகளிலும் சொல் பற்றாக்குறைதான். ‘வெள்ளைப்படுது’ என்ற ஒரே சொல்லுக்குள் இயல்பான கசிவு, பூஞ்சைத் தொற்று, இந்த நோய் எல்லாவற்றையும் திணித்திருக்கிறோம். சூடு என்று அம்மா வெந்தயம் ஊறவைத்துத் தருவாள். எலும்பு உருகி வருகிறது என்று பக்கத்து வீட்டு அத்தை பயமுறுத்துவார். வாடையைப் பற்றி மட்டும் யாரிடமும் வாய் திறக்க முடியாது. அந்த வெட்கத்தைச் சந்தை நன்றாகவே தெரிந்துவைத்திருக்கிறது. 2012-இல் அந்தரங்க உறுப்பை நிறமாக்கும் கழுவுநீருக்கு இந்தியத் தொலைக்காட்சியில் விளம்பரமே வந்தது. யோனிக்குள் சோப்பும் கழுவுநீரும் விட்டுக் கழுவினால் காவல் இருக்கும் பாக்டீரியாவும் சேர்ந்து போகும்; வாடைக்குப் பயந்து கழுவக் கழுவ, வாடை தரும் கிருமிகளுக்கே இடம் கிடைக்கும். அப்படியானால் சந்தர்ப்பம் தந்தது கிருமியா, வெட்கமா?

அடுத்த வகுப்பில் அந்த மாணவி, வேறு சொல் இருக்கிறதா மேடம் என்று கேட்டாள். ‘நிலைகுலைவுத் தொற்று’ என்று எழுதிப் பார்க்கச் சொன்னேன். இது அகராதி ஏற்ற சொல் அல்ல. ஆனால் இந்தச் சொல்லைக் கேட்டால் ‘எது குலைத்தது?’ என்ற கேள்வி தானாக வரும். சந்தர்ப்பவாதி என்ற சொல்லில் தீர்ப்பு முன்பே எழுதப்பட்டுவிடுகிறது.

தோழிகளே, வாடையோ கசிவோ மாறினால் கழுவுநீர் வாங்காதீர்கள். மருத்துவரிடம் போய்ப் பரிசோதிக்கச் சொல்லுங்கள். சரியாகித் திரும்ப வந்தால், துணைக்கும் மருந்து வேண்டுமா என்று நீங்களே கேளுங்கள். குரலைத் தாழ்த்தாமல் கேளுங்கள்.