கரண்டி பிடிக்காத கைமணம்

பாரிஸில் லாமெனே தெருவில் இருக்கும் தையவான் உணவகத்துக்கு 1973இல் மிஷ்லின் வழிகாட்டியின் மூன்றாவது நட்சத்திரம் கிடைத்தது. அந்த வழிகாட்டியில் அதற்கு மேல் படி கிடையாது. 2007 வரை, 34 ஆண்டுகள், தையவான் அந்தப் படியிலேயே இருந்தது. இத்தனைக்கும் அதை நடத்திய ழான்-குளோத் விரினா கரண்டி பிடித்தவர் அல்ல. அவருடைய அப்பா 1946இல் தொடங்கிய உணவகம் அது. வணிகக் கல்வி முடித்த மகன் 1962இல் உள்ளே வந்தார். முதலில் ஏற்ற பொறுப்பு ஒயின்.

சமையல்காரரை ரசிப்பது சுலபம், தட்டில் இருப்பதைச் சாப்பிட்டுப் பார்த்தால் போதும். உணவகம் நடத்துகிறவரை, அதிலும் ஒயின் தெரிந்த ஒருவரை ரசிக்கக் கொஞ்சம் கண் பழக வேண்டும். அவர் செய்த வேலை தட்டில் தெரியாது. ஒயினைத் தொட்டே பார்க்காதவர்களுக்கும் இந்த ரசனை வசப்படும். குடித்துப் பார்த்தால்தான் ஆயிற்று என்று நான் சொல்ல வரவில்லை.

முதலில் சமையலறைக்குள் யார் யார் வந்து போனார்கள் என்று பாருங்கள். குளோத் தெலிஞ், பிலிப் லெஜாந்த்ர், மிஷேல் தெல் பர்கோ, அலென் சொலிவெரேஸ் என்று விரினாவின் காலத்தில் தலைமைச் சமையல்காரர்கள் ஒருவர் பின் ஒருவராக மாறினார்கள். லெஜாந்த்ர் 1999இல் ஜார்ஜ் சேங்க் ஹோட்டலுக்குப் போய் அங்கே பெயர் வாங்கினார். சாதாரணமாகத் தலைமைச் சமையல்காரர் போனால் நட்சத்திரமும் கூடவே போகும். தையவானில் போகவில்லை. கல்யாண வீட்டில் பந்தி விசாரிக்கிறவர் சரியாக அமைந்துவிட்டால், சமையல் கோஷ்டி யாராக இருந்தாலும் வந்தவர்கள் மனம் நிறைந்து போவார்கள் இல்லையா, அந்த மாதிரி.

அடுத்தது ஒயின் பட்டியல். உணவகக்காரரின் குணம் முழுக்க அதில்தான் எழுதியிருக்கும். பட்டியல் தடிமனாக இருப்பதைப் பார்த்து மயங்கிவிடாதீர்கள். பணம் இருந்தால் யார் வேண்டுமானாலும் பெரிய பெயர்களை வாங்கி அடுக்கலாம். மலிவான பக்கத்தைப் பாருங்கள். பிரான்ஸின் லுவார், போஜொலே போன்ற பகுதிகளிலிருந்து, அதிகம் பேர் அறியாத விவசாயியின் ஒயின் ஒன்று அங்கே இருந்தால், யாரோ வண்டியெடுத்துப் போய்ச் சுவைத்துப் பார்த்துத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள் என்று அர்த்தம். ஒரே தோட்டத்தின் ஒயின் நாலைந்து வெவ்வேறு ஆண்டுகளில் இருந்தால், அந்தத் தயாரிப்பாளரோடு நெடுநாள் உறவு இருக்கிறது. அரை பாட்டில்கள் இருக்கின்றனவா என்றும் கவனியுங்கள். தனியாக வருகிறவரை நினைத்துப் பார்த்திருக்கிறார்கள்.

பிறகு விலை. கொள்முதல் விலையை மூன்றால், நான்கால் பெருக்கி விற்பது உணவகங்களில் சர்வசாதாரணம். விரினாவின் காலத்தில் தையவானின் பட்டியல் நியாயமான விலைக்குப் பேர் போனதாக இருந்தது. அந்தத் தரத்தில் இருக்கிற ஓர் இடத்தில் இது பெரிய சங்கதி. விலை எட்டாவிட்டால் நல்ல பாட்டில் நிலவறையில் கிடந்தே வீணாகும். ஒயினை நேசிக்கிறவருக்கு அதை யாராவது குடிக்க வேண்டும். 1987இல் விரினா ஒருபடி மேலே போய், பொதுமக்களுக்கென்று ஒரு ஒயின் கடையையே திறந்துவிட்டார். தான் தேடிக் கண்டுபிடித்ததை வீட்டுக்கு வாங்கிப் போகச் சொல்லும் உணவகக்காரர்கள் குறைவு. அவர் வாழ்க்கையில் எனக்கு மிகப் பிடித்த முடிவு இதுதான், நட்சத்திரங்களைவிட.

இந்தத் தொழிலின் கஷ்டம் புரிய வேண்டுமானால் பிரான்ஸின் போர்தோ பகுதியில் ஒயின் வியாபாரம் நடக்கும் முறையைத் தெரிந்துகொள்ள வேண்டும். இலையுதிர் காலத்தில் அறுவடை. அடுத்த வசந்தத்தில், ஒயின் மரப் பீப்பாயில் இருக்கும்போதே, அரைகுறைச் சுவையை வைத்து வியாபாரிகள் வாங்கிவிடுவார்கள். பாட்டிலாகி வந்து சேர இன்னும் ஓரிரு ஆண்டுகள் ஆகும். நல்ல ஆண்டின் ஒயினாக இருந்தால், பதமாக மேலும் பத்து, பதினைந்து ஆண்டுகள். அதுவரை பணம் இருட்டில் முடங்கிக் கிடக்கும். விரினா வேலைக்குச் சேர்ந்த 1962இல், நூற்றாண்டின் மிகச் சிறந்த ஆண்டுகளில் ஒன்றென்று பின்னால் கொண்டாடப்பட்ட 1961 போர்தோ இன்னும் பீப்பாயில்தான் இருந்தது. இன்றைக்கு வாங்கியதை யார் வந்து குடிக்கப் போகிறார்கள் என்று தெரியாமல் வாங்குகிற தொழில் இது.

இனி மேஜைக்கு வருவோம். ஒயின் பரிமாறுகிறவரின் கைகளை மட்டும் கொஞ்ச நேரம் பாருங்கள். பாட்டிலை விருந்து கொடுப்பவரிடம் காட்டுவார். கேட்ட ஒயின்தானா, கேட்ட ஆண்டுதானா என்று நீங்கள் சரிபார்க்க வேண்டும். வாய்ப்பகுதிக்குச் சற்றுக் கீழே உறையை வெட்டி, சத்தமில்லாமல் தக்கையை உருவுவார். பிறகு ஒரு வாய் மட்டும் ஊற்றுவார். பலர் அதை ‘பிடித்திருக்கிறதா’ என்ற கேள்வியாக எடுத்துக்கொண்டு தடுமாறுகிறார்கள். கேள்வி அதுவல்ல, ஒயின் கெட்டிருக்கிறதா என்பதுதான். கெட்ட தக்கையால் பாதிக்கப்பட்ட ஒயினில் நனைந்த அட்டைப்பெட்டி வாடை அடிக்கும். அந்த வாடை இல்லையென்றால் தலையசைத்தால் போதும். மற்றவர்களுக்கெல்லாம் ஊற்றிவிட்டு, விருந்து கொடுப்பவருக்குக் கடைசியில் ஊற்றுவார். பழைய சிவப்பு ஒயினாக இருந்தால் பாட்டிலின் கழுத்துக்குப் பின்னால் மெழுகுவர்த்தியை வைத்துக்கொண்டு, வேறொரு குடுவைக்கு மெல்லச் சாய்ப்பார். வண்டல் கழுத்துக்கு வருகிற நொடியில் கை நின்றுவிடும். பார்க்கவே அழகாக இருக்கும்.

சிவப்பு ஒயினை அறை வெப்பநிலையில் கொடுக்க வேண்டும் என்பதும் அடிக்கடி கேட்கும் பேச்சு. அது ஐரோப்பாவின் பழைய குளிர்ந்த அறைகளுக்குச் சொன்னது. 16 முதல் 18 டிகிரி. சென்னையில் மே மாதம் அதை அப்படியே கடைப்பிடித்தால் ஒயின் வெந்நீராகிவிடும்.

நிபுணர் என்கிற சொல்லுக்கும் ஓர் எல்லை உண்டு. 1976 மே 24 அன்று பாரிஸில் ஸ்டீவன் ஸ்பரியர் என்ற ஆங்கிலேய ஒயின் வியாபாரி ஒரு சுவைப் போட்டி வைத்தார். நடுவர்கள் ஒன்பது பிரெஞ்சுக்காரர்கள். விரினாவும் அவர்களில் ஒருவர். பாட்டிலின் பெயரை மறைத்து ஊற்றினார்கள். வெள்ளையில் கலிஃபோர்னியாவின் ஷாத்தோ மான்டெலினா 1973 முதலிடம். சிவப்பில் பிரான்ஸின் மூத்தோன்-ரோத்ஷீல்ட் 1970ஐப் பின்னுக்குத் தள்ளி, கலிஃபோர்னியாவின் ஸ்டாக்ஸ் லீப் 1973 முதலிடம். பிரான்ஸின் ஒயின் வட்டாரத்தில் பலருக்குக் கோபம். இதை நிபுணர்கள் முகத்தில் கரி பூசிய கதையாகச் சொல்வது வழக்கம். நான் அப்படிப் பார்க்கவில்லை. பெயர் தெரியாமல் மதிப்பெண் போட உட்கார்ந்ததே ஒரு துணிச்சல்தான். நாக்கு சொன்னதைத்தானே எழுதினார்கள்.

2007இல் மிஷ்லின் மூன்றாவது நட்சத்திரத்தைப் பிடுங்கிக்கொண்டது. 2008 ஜனவரியில் விரினா காலமானார். பின்னர் உணவகம் கார்தினியே குடும்பத்தின் கைக்குப் போனது. அவர்கள் 2012இல் பாரிஸில் ‘110 தையவான்’ என்ற எளிய உணவகத்தைத் திறந்தார்கள். 110 ஒயின்கள், எல்லாமே கோப்பைக் கணக்கில். ஒவ்வொரு உணவுக்கும் எதிரே நான்கு விலைப் படிகளில் நான்கு ஒயின்கள் எழுதியிருக்கும். கூச்சப்படாமல் மலிவானதைச் சுட்டிக்காட்டலாம். அதுவும் அந்த உணவுக்குப் பொருந்துகிற ஒயின்தான்.

அடுத்த முறை நல்ல உணவகம் எதற்காவது போனால், ஆர்டர் செய்யும் உத்தேசம் இல்லாவிட்டாலும் ஒயின் பட்டியலைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். விலை குறைந்த பத்து வரிகளில் அக்கறை தெரிந்தால், உணவகத்தை நடத்துகிறவர் யார் என்று விசாரித்து, சமையல்காரருக்குச் சொல்கிற பாராட்டில் ஒரு பங்கை அவரிடமும் சொல்லிவிட்டு வாருங்கள்.