அக்கிரகாரத்துக் கழுதையும் நமது தெருவும்

ஜான் ஆபிரகாம் இயக்கிய ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977) சிறந்த தமிழ்ப் படத்திற்கான தேசிய விருது பெற்றது. ஆயினும் நமது சபையாரில் அதைப் பார்த்தவர் மிகச் சிலரே. வழக்கமான சினிமா இன்பங்களைத் தேடுவோர் ஏமாந்துபோவர் என்பது மெய்யே.

தாயை இழந்த கழுதைக்குட்டியொன்றைக் கல்லூரிப் பேராசிரியர் நாராயணசாமி எடுத்து வளர்க்கிறார். நகரம் நகைக்கவே, அதைத் தம் சொந்த ஊரின் அக்கிரகாரத்தில் உமா என்னும் ஊமைப்பெண்ணிடம் ஒப்படைக்கிறார். அங்கே நேரும் ஒவ்வொரு தீங்கும் கழுதையின்மேல் சுமத்தப்படுகிறது. உமாவுக்குப் பிறந்த இறந்த சிசு கோயில் வாசலில் கிடக்க, அப்பழியும் அதன்மேல் விழுகிறது. கழுதை கொல்லப்படுகிறது. பின்பு அற்புதங்கள் நிகழ, கொன்றவர்களே அதை வணங்கத் துணிகின்றனர்.

லேவியராகமத்தின் போக்காட்டைக் கற்பிக்கும் நாம் இதைவிடத் தெளிவான விளக்கவுரையைக் கண்டதில்லை. வசனகர்த்தா வெங்கட் சாமிநாதனும் இயக்குநரும் எதையும் உரத்துப் போதிக்கவில்லை. கழுதையின் முகத்தைக் காட்டுவதே போதுமென்று நம்பினர்.

இதற்குத் தூண்டுகோலாகச் சொல்லப்படும் ராபர்ட் ப்ரெஸ்ஸானின் ‘பல்தஸார்’ (1966) படத்தில் கழுதை ஆட்டுமந்தையின் நடுவே அமைதியாய் மரிக்கிறது, எவரும் தண்டிக்கப்படுவதில்லை. ஜானோ முடிவில் அக்கிரகாரத்தையே தீக்கிரையாக்குகிறார். இது நமக்குச் சற்று எளிதான தீர்ப்பாகவே தோன்றுகிறது.

வேறொரு குறையும் உண்டு. கழுதையைக் கொன்றவர்களும், பிற்பாடு அதன் மண்டையோட்டைத் தோண்டியெடுத்து ஆடுகிறவர்களும் கூலியாட்களே. அவர்களுடைய வாழ்வுக்குள் படம் நுழைவதில்லை. செங்கல்பட்டில் ஊழியஞ்செய்யும் நாம் இதைக் கடந்துபோக இயலாது. பறையர் மக்களின் நிலையைக் குறித்து ஆட்சியர் டிரெமென்ஹீர் 1891இல் அறிக்கை எழுதியது இம்மாவட்டத்தைப் பற்றியே. அவர்களுக்கு நிலம் வேண்டுமென்று வாதாடிய மிஷனரி ஆடம் ஆண்ட்ரூ ஊழியஞ்செய்ததும் இங்கேதான். அம்மக்களின் சந்ததியாரே நமது ஆலயங்களில் பலவற்றை நிரப்புகின்றனர். அப்படியிருந்தும், ஊருக்கொரு கல்லறைத் தோட்டம், சேரிக்கொரு கல்லறைத் தோட்டம் என்ற பிரிவினை தமிழகத் திருச்சபைகளில் முற்றிலும் ஒழிந்தபாடில்லை. அக்கிரகாரத்தைப் பார்த்துச் சிரிக்கும் சபையார் இதையும் நினைக்கட்டும்.

ஜான் பிறப்பால் சிரியன் கிறிஸ்தவர். ரித்விக் கட்டக்கின் மாணவர். ‘அம்மா அறியான்’ (1986) படத்திற்கு மக்களிடமே பணம் திரட்டினார். 1987இல் மறைந்தார்.

நமது வாலிபர் இப்போது கைப்பேசியிலேயே குறும்படம் எடுக்கின்றனர், முயற்சி நல்லதே. ஆனால் ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு திருவசனம் திரையில் வந்து, பார்த்ததற்கெல்லாம் பொருள் கூறிவிடுகிறது. அந்தக் கடைசி எழுத்துக்கள் இல்லாமல் ஒரு பிரதியைக் காட்டும்படி அவர்களைக் கேட்டிருக்கிறோம்.