உடைந்த கல் மேசை

சி. எஸ். லூயிஸ் 1950இல் வெளியிட்ட முதல் நார்னியாக் கதையில், குன்றின்மேல் நிற்கும் கல் மேசையே மீட்பின் மையமாக அமைகிறது. துரோகிகள் யாவரும் சூனியக்காரிக்கு உரியவர்கள் என்னும் பிரமாணம் அதில் பொறிக்கப்பட்டுள்ளது. எட்மண்ட் என்ற சிறுவனுக்குப் பதிலாக அஸ்லான் என்ற சிங்கம் அக்கல்லின்மேல் கொல்லப்படுகிறது. விடியும் வேளையில் கல் இரண்டாகப் பிளக்கிறது. அஸ்லான் உயிருடன் நிற்கிறது.

இக்காட்சியைப் பெரிய வெள்ளி அருளுரையில் எடுத்தாள விழையும் நாம் ஒன்றைக் கவனித்தல் வேண்டும். சூனியக்காரியின் உரிமையை அஸ்லான் மறுப்பதில்லை. மீட்பின் விலை சாத்தானுக்குச் செலுத்தப்பட்டது என்ற பழங்கொள்கையின் சாயல் இதில் தெரிகிறது. மனிதன்மேல் சாத்தானுக்கு அத்தகைய உரிமை இல்லையென்று அன்செல்ம் 1098இல் முடித்த நூலிலேயே வாதிட்டார். கடவுள் சாத்தானுக்குக் கடன்பட்டவர் எனச் சபையார் எண்ணிவிடலாகாது.

எனினும் கதை இவ்விடத்தோடு நின்றுவிடவில்லை. அப்பிரமாணம் சூனியக்காரி இயற்றியதன்று, பேரரசர் இட்டது. துரோகம் செய்யாத ஒருவர் துரோகிக்காக மனமுவந்து மாண்டால் கல் பிளக்கும் என்னும் நியதியோ காலத்திற்கு முந்தியது; அதை அவள் அறியாள். ஆகவே கல்லின் பிளவு பிரமாணத்தின் தோல்வியன்று, நிறைவேற்றமே.

1951இல் வந்த அடுத்த நூலில், அக்கல் பிளந்தபடியே ஒரு மேட்டின் உள்ளே கிடக்கிறது. எவரும் அதைச் செப்பனிடவில்லை. மன்னிப்புப் பெற்றோரைப் பழைய குற்றத்திற்காக மீண்டும் நியாயந்தீர்க்கும் சபையோ உடைந்த கல்லை ஒட்டவைக்க முயல்கிறது. இதனை உணர்த்துவதற்கேனும் இக்கதை நம் பிரசங்க பீடத்தில் இடம்பெறலாம்.