சர் ஹென்றி கர்னி: இறப்பும் ஆட்சியும்

மலாயாவின் பிரித்தானிய உயர் ஆணையர் சர் ஹென்றி கர்னியைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் அவருடைய இறப்பையே மையமாகக் கொண்டுள்ளன. 1951 அக்டோபர் 6ஆம் நாள், கோல குபு பாருவிலிருந்து பிரேசர் மலைக்குச் செல்லும் சாலையில் கம்யூனிஸ்டு கெரில்லாக்களின் பதுங்கித் தாக்குதலில் அவர் கொல்லப்பட்டார். காரில் இருந்த மனைவியைக் காக்கவே அவர் இறங்கி நடந்தார் என்பர். இத்தியாகக் காட்சியே அவர் வாழ்வு முழுவதற்கும் உரைகல்லாக அமைந்துவிட்டது. இப்பார்வை போதுமானதா என்பதே நம் வினா.

1898இல் பிறந்த கர்னி, 1921இல் கென்யாவில் காலனித்துவப் பணியைத் தொடங்கினார். பின்னர் ஜமைக்காவிலும் கோல்டு கோஸ்டிலும் பணியாற்றினார். 1946 முதல் 1948 வரை பாலஸ்தீனத்தில் தலைமைச் செயலாளராக இருந்தார். முப்பதாண்டு நிருவாகப் பணியே அவர் வாழ்வு. ஆகவே அவரை மதிப்பிட, அவர் ஆட்சியில் பிறந்த சட்ட விதிகளையே முதலில் நோக்க வேண்டும்.

அவர் 1948 அக்டோபரில் பதவியேற்றார். அதே ஆண்டு டிசம்பர் 12ஆம் நாள், பத்தாங்காலி அருகே ஆயுதமற்ற 24 பேரைப் பிரித்தானியப் படையினர் சுட்டுக் கொன்றனர். 1949 ஜனவரியில், தப்பியோடுவோரைத் தடுக்கக் கொல்லும் ஆயுதங்களைப் பயன்படுத்தலாம் என்னும் விதி 27ஏ, முன்தேதியிட்ட பாதுகாப்புடன் வந்தது. குடியிருப்பையே ஒட்டுமொத்தமாகக் காவலில் வைக்கவும் நாடு கடத்தவும் விதி 17டி வழிவகுத்தது. தொழிற்சங்கத் தலைவர் எஸ்.ஏ. கணபதி 1949 மே 4ஆம் நாள் தூக்கிலிடப்பட்டதும் இவ்வாட்சிக் காலத்தில்தான்.

மறுபக்கத்தையும் நாம் மறைத்தல் தகாது. அவசரகால ஆட்சி இராணுவத்தின் கைக்குப் போய்விடாமல் குடிமை நிருவாகத்தின் கீழேயே இருக்க வேண்டும் என்பதில் கர்னி உறுதியாக நின்றார். 1951இல் உறுப்பினர் முறை நடைமுறைக்கு வந்தபோது கல்விப் பொறுப்பு இலங்கைத் தமிழரான இ.இ.சி. துரைசிங்கத்திடம் வந்தது. எனினும் சட்டத்தின் துணையோடு ஆளும் நிருவாகி, அச்சட்டத்தின் விளைவுகளுக்கும் பொறுப்பாகிறார்.

அவ்விளைவுகளைக் காணக் கெர்லிங் வட்டாரம் ஏற்ற களமாகும். தெற்கே கோல குபு பாருவும் பத்தாங்காலியும், கிழக்கே மலைத்தொடரும் சூழ, கர்னி வீழ்ந்த சாலையும் இதற்கு அண்மையிலேயே உள்ளது. 1950இல் வகுக்கப்பட்ட பிரிக்ஸ் திட்டம் ஏறத்தாழ 5 இலட்சம் பேரைப் புதுக்கிராமங்களில் குடியமர்த்தியதாக வரலாற்று நூல்கள் விரிவாகப் பேசுகின்றன. தோட்டத் தொழிலாளர் குடியிருப்புகள் ஓரிடத்தில் குவிக்கப்பட்டு முள்வேலியிடப்பட்ட 'மறுகுழுவாக்கம்' குறித்து அவை சுருக்கமாகவே கூறுகின்றன. ஊரடங்கும் உணவுக் கட்டுப்பாடும் விடியுமுன் பால்மரம் வெட்டச் செல்வோரின் அன்றாட வாழ்வை நேரடியாகத் தொட்டவை. ஆயினும் கர்னியின் வரலாற்றில் இவர்களுக்கு இடமில்லை.

கர்னியின் துணிவை நாம் ஐயுற வேண்டியதில்லை. ஒரு மனிதரின் இறுதி நிமிடம் அவருடைய மூன்றாண்டு ஆட்சியை மறைத்துவிடக் கூடாது என்பதே நம் கருத்து. அக்காலத்தை நேரில் கண்டவர்கள் இன்று எண்பது வயதைக் கடந்துவிட்டனர். தோட்டங்கள் பல துண்டாடப்பட்டு, அங்கு வாழ்ந்தோர் சிதறிவிட்டனர். அவர்தம் வாய்மொழிச் சான்றுகளைத் தமிழாசிரியர்களும் மாணவர்களும் இப்போதே பதிவு செய்து, அரசு ஆவணங்களோடு ஒப்புநோக்குதல் வேண்டும். அப்போதுதான் கர்னியின் வாழ்க்கை வரலாறு அவரால் ஆளப்பட்டோரின் வரலாற்றையும் உள்ளடக்கியதாக அமையும்.