ஃபேகினும் ரையாவும்

டிக்கன்ஸின் ‘ஆலிவர் ட்விஸ்ட்’ நாவலில் திருட்டுக் கும்பலை நடத்தும் ஃபேகினுக்குப் பெயர் இருந்தும், கதைசொல்லி அவனை ‘அந்த யூதன்’ என்றே திரும்பத் திரும்பச் சொல்கிறார். இது அநியாயம் என்று 1863இல் எலைசா டேவிஸ் என்ற யூதப் பெண்மணி அவருக்கே கடிதம் எழுதினார். டிக்கன்ஸ் முதலில் சப்பைக்கட்டு கட்டினார். அடுத்த நாவலில் ரையா என்ற நல்ல யூதரைப் படைத்தார்.

எனக்கென்னவோ ரையா ஒட்டவே இல்லை. நல்லவராக இருப்பது மட்டுந்தான் அவர் வேலை. மன்னிப்புக் கடிதத்துக்குக் கை கால் முளைத்த மாதிரி. ஒரே ஒரு இடத்தில் உயிர் வருகிறது: கிறிஸ்தவ வட்டிக்காரனுக்கு முகமூடியாக நிற்கும் தன்னால் எல்லா யூதருக்கும் கெட்ட பெயர் என்று உணரும்போது.

உண்மையான பரிகாரம் 1867 பதிப்பில் இருக்கிறது. பிற்பகுதி அத்தியாயங்களில் ‘யூதன்’ பல இடங்களில் அடிபட்டு ‘ஃபேகின்’ வருகிறது. வெறும் ஃபைண்ட் அண்ட் ரீப்ளேஸ்தானே என்று நினைத்தேன். ஆனால் தூக்குக்கு முந்தைய இரவைச் சொல்லும் அத்தியாயத்தின் தலைப்பிலும் அதே மாற்றம். அந்தச் சிறையில் இப்போது நடுங்குவது ஃபேகின் மட்டுமே.