குரலால் பிழைத்தவர்: யூஜீன் பாலெட்டும் ஹாலிவுட்டின் முத்திரை வேடங்களும்

1916இல் வெளிவந்த டி. டபிள்யூ. கிரிஃபித்தின் 'இன்டாலரன்ஸ்' படத்தில், பதினாறாம் நூற்றாண்டுப் பாரிஸில் நடக்கும் பகுதி ஒன்று உண்டு. மதப் படுகொலையில் காதலியைப் பறிகொடுத்த இளைஞன் அவள் உடலைக் கைகளில் ஏந்தித் தெருவுக்கு வருகிறான். படைவீரர்களைப் பார்த்துக் கத்துகிறான், சுடப்பட்டு விழுகிறான். ஒல்லியான உடல், எடுப்பான முகம். அந்த நடிகர்தான் யூஜீன் பாலெட் என்றால், 1930களின் ஹாலிவுட் நகைச்சுவைப் படங்களில் அவரைப் பார்த்துப் பழகியவர்கள் எளிதில் நம்ப மாட்டார்கள். அவர்கள் அறிந்த பாலெட்டுக்குப் பெருத்த தொந்தி, அடிவயிற்றிலிருந்து கரகரத்து எழும் குரல். எப்போதும் எதற்காவது எரிச்சல்படும் பணக்காரக் குடும்பத்தலைவர் அவர்.

ஒரு நடிகருக்கு ஒரே வகை வேடம் என்று முத்திரை குத்திவிடும் வழக்கத்தைக் குறை சொல்லியே நாம் பேசிப் பழகிவிட்டோம். பாலெட்டின் திரைவாழ்க்கையை வைத்துப் பார்த்தால் அந்தக் குறை ஓரளவுக்குத்தான் செல்லும். முத்திரைதான் அவரை வாழவைத்தது. எழுதுபவரும் இயக்குநரும் அதற்குள் கொஞ்சம் இடம் விட்டபோது அவர் அசலான கலைஞராகத் தெரிந்தார். இடம் விடாதபோது தொந்தியும் குரலும் மட்டுமே மிஞ்சின.

1921இல் டக்ளஸ் ஃபேர்பாங்ஸின் 'த்ரீ மஸ்கிட்டியர்ஸ்' படத்தில் வாள்வீரன் அராமிஸாக வந்தவர் அவர். பிறகு உடல் பெருத்தது, காதலன் வேடங்கள் நின்றன. 1927இல் ஹால் ரோச் நிறுவனத்தில் லாரல்–ஹார்டி குறும்படங்களில் தலைகாட்டிக்கொண்டிருந்தார். 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி'யில் காப்பீட்டு முகவர். ஊமைப்படம் இன்னும் பத்தாண்டு நீடித்திருந்தால் அவர் பெயர் அந்தச் சில்லறை வேடங்களோடு முடிந்திருக்கும்.

1928இல் வார்னர் பிரதர்ஸ் 'லைட்ஸ் ஆஃப் நியூயார்க்' படத்தை வெளியிட்டது. முழுக்க முழுக்க வசனம் பேசி நடித்த முதல் முழுநீள ஹாலிவுட் படம். அதில் நாயகனின் நண்பனாக வரும் முடிதிருத்துபவர் பாலெட். அந்த நாள்களில் ஒலிவாங்கியை அரங்கப் பொருள்களுக்குள் ஒளித்துவைப்பார்கள். நடிகர்கள் அதன் அருகிலேயே நின்று பேசியாக வேண்டும். படத்தில் பலர் வசனத்தை ஒப்பிக்கிறார்கள். பாலெட்டின் குரலுக்கு அந்தக் கருவி பொருட்டாகவே இல்லை.

இங்கே வில்லியம் பவலைப் பற்றியும் பேச வேண்டும். ஊமைப்பட நாள்களில் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் வில்லன் வேடங்கள். பேசும்படம் வந்ததும் அவருடைய நயமான குரல் அவரைக் கதாநாயகன் ஆக்கியது. 1929இல் தொடங்கிய ஃபைலோ வான்ஸ் படங்களில் பவல் துப்பறியும் கனவான். சார்ஜன்ட் ஹீத்தாக உடன் வருபவர் பாலெட். முன்னாள் வில்லன் நாயகனாகிவிட்டார், முன்னாள் காதலன் பக்கவாத்தியம் ஆகிவிட்டார். நடிப்பின் ஏற்றத்தாழ்வு இதில் மிகக் குறைவு. ஒலிவாங்கி ஒவ்வொருவரிடமும் எதைக் கேட்டதோ அதுவே அவர்களின் இடத்தைத் தீர்மானித்தது.

முத்திரையின் நல்ல பக்கத்தைப் பார்க்க பிரஸ்டன் ஸ்டர்ஜஸ் இயக்கிய 'தி லேடி ஈவ்' (1941) போதும். மாளிகையில் விருந்து ஏற்பாடு நடக்கிறது. வீட்டுத்தலைவரின் காலை உணவை யாரும் கவனிக்கவில்லை. பாலெட் பாடிக்கொண்டே மாடியிறங்கி வருகிறார், மேசையில் உட்கார்கிறார், கூப்பிட்டுப் பார்க்கிறார். கடைசியில் இரண்டு வெள்ளித் தட்டுமூடிகளை எடுத்து ஜால்ராவைப் போல மோதித் தட்டுகிறார். ஒன்றரை மணி நேரப் படத்தில் இந்த மனிதர் யார், அவருக்கும் வீட்டாருக்கும் என்ன உறவு என்று விளக்க நேரமில்லை. தேவையும் இல்லை. அவர் முகத்தைக் கண்டதுமே ரசிகர்களுக்குப் பாதி தெரிந்துவிடுகிறது. மீதியைத் தட்டுமூடிகள் சொல்லிவிடுகின்றன. அந்தக் காலத்து நகைச்சுவைப் படங்களின் வேகம் இப்படிப்பட்ட துணை நடிகர்களால் வந்தது. ஸ்டர்ஜஸுக்கு இது நன்றாகத் தெரியும். ஒரே முகங்களைத் திரும்பத் திரும்பப் பயன்படுத்தாதே என்று ஸ்டுடியோ சொன்னபோது, என் முதல் வெற்றிகளில் பங்குள்ளவர்களுக்கு அடுத்த படங்களிலும் உரிமை உண்டு என்று வாதாடியவர் அவர்.

ஆனால் பாலெட்டின் உச்சம் கிரிகரி லா காவாவின் 'மை மேன் காட்ஃப்ரே' (1936). அங்கேயும் எரிச்சல் தந்தைதான். மனைவி ஆதரிக்கும் ஒட்டுண்ணிக் கலைஞனை ஒருநாள் அடுத்த அறைக்கு அழைத்துப் போகிறார். கண்ணாடி உடையும் ஓசை மட்டும் கேட்கிறது. நிதானமாகத் திரும்பி வந்து, தம் பணம் போய்விட்டதைக் குடும்பத்தாரிடம் சொல்லத் தொடங்குகிறார். வெடித்தது வழக்கமான பாலெட். பேசத் தொடங்கியவர் நொடித்துப்போன ஒரு மனிதர். இத்தனை நேரமும் அந்த உறுமலுக்கு அடியில் பயம் இருந்திருக்கிறது என்று அப்போதுதான் உறைக்கிறது. துணை நடிகர்களுக்கு ஆஸ்கர் வழங்கத் தொடங்கியதே அந்த ஆண்டுப் படங்களுக்குத்தான். 'காட்ஃப்ரே' நடிப்புக்கான நான்கு பிரிவுகளிலும் பரிந்துரை பெற்றது; துணை நடிகர் பிரிவில் அந்த ஒட்டுண்ணியாக நடித்த மிஷா ஆவருக்கு இடம் கிடைத்தது. குரங்கைப் போலத் தாவிக்காட்டும் வித்தை கண்ணில் பட்டது, பாலெட்டின் நடிப்பு படவில்லை. எனக்கு இது இன்றும் ஆறவில்லை.

வழக்கத்தின் சோம்பேறித்தனமும் கண்கூடு. 1938இல் 'ராபின் ஹுட்' படத்தில் வாள்சுழற்றும் பருத்த துறவியாக வந்தார், அருமையாக இருந்தது. 1940இல் 'தி மார்க் ஆஃப் ஸோரோ'வில் மறுபடியும் வாள்சுழற்றும் பருத்த பாதிரியார். நாடும் அங்கியும் மாறின, ஆள் மாறவில்லை.

எனினும் பாலெட்டுக்கு நேர்ந்ததை அநீதி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. காரணம், 1932இல் அவர் பயணித்த 'ஷாங்காய் எக்ஸ்பிரஸ்'. இயக்குநர் ஸ்டெர்ன்பெர்க்கின் அந்தப் படத்தில், ரயில் தாமதமாகுமா என்பதற்கும் பந்தயம் கட்டும் சூதாடி பாலெட். அதே ரயிலில் ஆன்னா மே வாங்கும் இருக்கிறார். அவரும் ஊமைப்படத்திலிருந்து வந்தவர். 1922இலேயே 'தி டோல் ஆஃப் தி சீ'யின் நாயகி. கொடுங்கோலனைக் குத்திக் கொல்லும் சீனப்பெண்ணாக, குறைந்த பேச்சில், கண்களை அசைக்காமல் மார்லீன் டீட்ரிச்சுக்கு ஈடுகொடுக்கிறார். பாதிச் சீனரான அந்தக் கொடுங்கோலனாக நடித்தவரோ சுவீடனில் பிறந்த வார்னர் ஓலண்ட்.

பாலெட்டுக்குக் குத்திய முத்திரை உடலையும் குரலையும் பார்த்துக் குத்தியது. அதற்குள் சூதாடியாகவும் துறவியாகவும் கோடீஸ்வரராகவும் வர முடிந்தது. வாங்குக்குக் குத்தியது இனத்தைப் பார்த்து. சீனக் குடியானவர்களின் கதையான 'தி குட் எர்த்' (1937) படத்தில் மனைவி ஓ-லான் வேடம் லூயிஸ் ரெய்னருக்குப் போனது, ஆஸ்கரும் அவருக்குக் கிடைத்தது. கணவனாக வெள்ளையரான பால் மூனி நடிக்க, வாங்குக்குப் பேசப்பட்டது ஆசைநாயகி வேடம். அவர் மறுத்துவிட்டார். அதே ஆண்டு வெளிவந்த 'டாட்டர் ஆஃப் ஷாங்காய்' என்ற சிறு படத்தில், தந்தையைக் கொன்றவர்களைத் தேடிச்செல்லும் நேர்மையான நாயகியாக அவர் நடித்திருக்கிறார். ஒரு மணி நேரம்தான் ஓடும். ஹாலிவுட் அவரிடமிருந்து எதையெல்லாம் கேட்காமல் விட்டது என்பதற்கு அந்த ஒரு மணி நேரமே சாட்சி.